சிவப்பு மெழுகு

மெழுகுவர்த்தித் திருநாளுக்கு மறுநாள்

ஸ்டூர் ஆற்றங்கரை மடத்தில் பீட அறையைக் காத்துவரும் அக்கா வுல்ஃப்ரூனுக்கு, வெர்மண்ட் பிரபுவின் பட்டறையிலிருந்து தம்பி ஹுன்லாஃப் வணக்கத்துடன் எழுதுவது. குளிரில் விரல்கள் வெடித்திருப்பதைத் தவிர நான் நலம். உன் இருமல் தணிந்ததா?

பிரபு மறுமணம் செய்துகொள்கிறார். பெண் கடலுக்கு அப்பாலிருந்து வரும் பிராங்கு நாட்டுச் சீமாட்டி, பெயர் ஔதா. ஈஸ்டரன்று அவள் மேலாடையைத் தோளில் பூட்ட ஓர் ஊசிப் பதக்கம் செய்யச் சொன்னார். உள்ளங்கை அகலம், தங்கத் தகட்டால் தடுத்த சின்னச் சின்ன அறைகள், அறை முழுக்கக் கெம்புக்கல். கெம்புக்கல் கொண்டுவரும் கப்பல்கள் நம் சிறுவயதோடு நின்றுவிட்டன. அதனால் தன் பாட்டியின் பழைய பதக்கத்தைக் கொடுத்து, கல்லைப் பெயர்த்துப் புதிதில் பதி என்றார்.

அடியில் தேன்மெழுகு இருக்கும் என்று நினைத்து, பழைய கல்லைப் பெயர்க்க அப்பா செய்வதுபோல் சூடு காட்டினேன். மெழுகு இல்லை, சுண்ணாம்பு. அது இளகவில்லை. நான் இன்னும் சூடாக்கினேன். கை பொறுக்காமல் பக்கத்திலிருந்த சாணைக்கல்லின்மேல் வைத்தேன். அந்தக் கல் ஈரமாக இருந்தது. குளத்துப் பனிக்கட்டியில் கால் வைத்தாற்போல் ஒரு சத்தம். நடுவட்டத்துக் கற்கள் எல்லாம் நொறுங்கிவிட்டன.

பிரபு கத்தவில்லை. கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "கல்லு போச்சுன்னா கல்லு கொண்டா. ஈஸ்டரன்னைக்கு என் பொண்டாட்டி தோள்ல பதக்கம் இருக்கணும். இல்லேன்னா உன் மக ஃப்ரீசியன் கப்பல்ல இருப்பா" என்றார். நானும் என் மகளும் அவர் வீட்டு அடிமைகள். அந்த அடிமை வியாபாரிக்கு அவளை அவர் விற்கலாம். தெத்தேவுக்குப் பத்து வயது. அவள் அம்மா கொள்ளைநோயில் போனபின் எனக்கு அவளைத் தவிர யாரும் இல்லை.

அக்கா, உங்கள் ஆப்பிள் தோட்டத்தின் ஓரத்தில் நம் அம்மா கிடக்கிறாள். அவள் தோளில் அப்பா செய்த பதக்கம் இருக்கிறது. குழியைத் திறந்து அதை எடு.

சிப்பி விற்கும் டுட்டாவிடம் இதைக் கொடுக்கிறேன். "எனக்குப் படிக்கத் தெரியாது, அதான் என்கிட்ட எல்லாரும் குடுக்கறாங்க" என்று பெருமைப்படுகிறான். தெத்தே உன் காலைத் தொட்டதாகச் சொல்லச் சொன்னாள்.

---

தவக்காலத்துக்கு முந்தைய வாரம்

கிறிஸ்துவில் அன்பான தம்பிக்கு, அக்காவின் ஆசிகள். இருமல் அப்படியேதான். விரல்களுக்கு வாத்துக் கொழுப்பு அனுப்பியிருக்கிறேன். அதைத் தடவிக்கொண்டு கம்பளித் துணி சுற்றிக்கொள்.

நீ கேட்டதைப் படித்துவிட்டு அம்மாவின் மேட்டருகே போய் நின்றேன். போன குளிர்காலத்தில் ஆறு பொங்கியபோது தோட்டத்தின் அந்தப் பக்கம் முழுவதும் சரிந்தது. மேடு என்று நாம் நினைப்பது வெறும் மேடு. அடியில் ஆறு ஓடுகிறது. இதை உனக்குச் சொல்லாமல் வைத்திருந்தேன்.

மண் இருந்திருந்தாலும் தோண்டியிருக்க மாட்டேன் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். இப்போது அது உண்மையா என்று தெரியவில்லை.

பிரபுவின் காலில் விழு. சிவப்புக் கண்ணாடி வைத்துப் பார். தெத்தேவுக்கு என் முத்தங்கள்.

---

தவக்காலம், முதல் வாரம்

அக்காவுக்கு வணக்கம். கொழுப்பு வந்தது. விரல் மடங்குகிறது. நீ வெந்நீர் குடிக்கிறாயா?

காலில் விழுந்தேன். "எந்திரி, வேலை கெடக்கு" என்றார். கண்ணாடியும் வைத்துப் பார்த்தேன். மேற்பார்வையாளன் வந்து எச்சில் தொட்டுத் துடைத்து, வெயிலில் பிடித்து, "ஏன்யா, பிராங்கு நாட்டுக்காரிக்குக் கண்ணாடி தெரியாதா? அவங்க ஊர்ல பன்னிக்குக் கூடக் கண்ணாடி மணி கட்டுவாங்க" என்றான். பட்டறையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

ஃப்ரீசியன் வந்திருக்கிறான். பிரபுவோடு உட்கார்ந்து கள் குடிக்கிறான். நேற்று அடுக்களைக்குப் போய் தெத்தேவின் வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்திருக்கிறான். அவள் என்னிடம் வந்து, "அப்பா, அந்தாளு பல்லு வைத்தியரா? எனக்குப் பல்வலி இல்லியே" என்றாள். நான் ஆமாம் என்றேன்.

வேறு எங்கும் கேட்க எனக்கு ஆள் இல்லை, அக்கா.

---

தவக்காலம், மூன்றாம் வாரம்

தம்பிக்கு ஆசிகள். நலம். நீயும் நலம் என்று நம்புகிறேன்.

டுட்டா கொண்டுவரும் வாற்கோதுமை ரொட்டியை நீயே பிட்டுப் பார். வேறு யாருக்கும் கொடுக்காதே. எங்கிருந்து என்று கேட்காதே. நடுவட்டத்துக்குப் போதும் என்று நினைக்கிறேன்.

---

தவக்காலம், நான்காம் வாரம்

அக்காவுக்கு. நீ நலம் என்று எழுதியிருந்தாய். நம்பவில்லை.

ரொட்டியைப் பிட்டேன். நல்ல கற்கள். ஒவ்வொன்றின் ஓரமும் படிக்கட்டுபோல் வெட்டியது, இரண்டாம் படி மட்டும் ஒரு மயிரிழை ஆழம். அப்பாவின் சாணைச் சக்கரம் தேய்ந்திருந்ததால் அவர் வெட்டிய கல்லுக்கெல்லாம் அப்படித்தான் வரும். முதலில் ஆறு அம்மாவைத் திருப்பிக் கொடுத்துவிட்டது என்று நினைத்தேன். பிறகு கல்லைத் திருப்பி முதுகைப் பார்த்தேன். தேன்மெழுகு. அம்மாவின் பதக்கத்துக்கு அப்பா சுண்ணாம்பு போட்டார், குழைத்துக் கொடுத்தது நான். மெழுகு வைத்து அவர் பதித்த பொருள் உலகத்தில் ஒன்றே ஒன்றுதான். அது உன் பீட அறையில் நிற்கும் சிலுவை.

என்ன காரியம் செய்திருக்கிறாய்? உன் கையை வெட்டுவார்கள். வெட்டாவிட்டாலும் திருச்சபையை விட்டுத் துரத்துவார்கள். உன்னைக் கிறிஸ்தவர்களோடு புதைக்கக்கூட விடமாட்டார்கள்.

இன்னும் பதிக்கவில்லை. திருப்பி அனுப்பு என்று ஒரு சொல் எழுது, டுட்டாவிடம் கொடுத்துவிடுகிறேன். தெத்தே பக்கத்தில் உட்கார்ந்து வெங்காயத்தாள் கடித்துக்கொண்டிருக்கிறாள். அவளைப் பார்த்துக்கொண்டே இதை எழுதுகிறேன். சீக்கிரம் பதில் எழுது. தாமதித்தால் நான் பதித்துவிடுவேன்.

---

அதே வாரம், சனி

தம்பிக்கு. பதி.

கற்களை எடுத்தது சிலுவையின் அடிக்காலில். வருடம் முழுவதும் அந்தப் பகுதி வெள்ளிப் பீடத்தின் குழிக்குள் இருக்கும், யார் கண்ணிலும் படாது. ஆட்டுக்குட்டிகள் பிறக்கும் வேளை, எல்லோரும் பட்டியில் இருந்தார்கள். பகல் வெளிச்சத்தில் உட்கார்ந்து, சுடவைத்த கரண்டிக் காம்பால் ஒவ்வொன்றாக நெம்பினேன். அப்பாவின் மெழுகு சொன்னபடி கேட்டது.

சிலுவையைக் குழியிலிருந்து தூக்குவது பெரிய வெள்ளியன்று மட்டும்தான். அன்று எல்லோரும் வரிசையாக வந்து முத்தமிடுவார்கள். முத்தமிடுவது அந்த அடிக்காலைத்தான். எனக்கு இது தெரியாது என்று நினைக்காதே. எழுதும் கூடத்திலிருந்து செந்தூரம் கொஞ்சம் எடுத்து, தேன்மெழுகில் குழைத்து, அறைகளை நிரப்பி, துணியால் தேய்த்து மினுக்கினேன். மங்கலான இடம். முத்தமிடுகிறவர்கள் கண்ணை மூடிக்கொள்வார்கள். சிலுவையைப் பிடித்துக்கொண்டு நிற்பதும் நான்தான்.

எனக்காக வேண்டிக்கொள் என்று எழுதக் கை வரவில்லை. தெத்தேவுக்குச் சொல், பல் வைத்தியர் இனி வரமாட்டார்.

---

குருத்து ஞாயிறுக்கு மறுநாள்

அக்காவுக்கு வணக்கம். உன் உடம்பைப் பார்த்துக்கொள்.

பதக்கம் முடிந்தது. கல்லுக்கு அடியில் கட்டமிட்ட மெல்லிய பொன் ரேக்கு வைத்திருக்கிறேன். அசைத்தால் உள்ளே தணல் புரள்வதுபோல் இருக்கும். மேற்பார்வையாளன் எச்சில் தொட்டுத் துடைத்து, வெயிலில் பிடித்து, தலையாட்டிவிட்டுத் திருப்பிக் கொடுத்தான். பிரபு "நல்லாருக்கு" என்றார்.

உன் மெழுகைப் பற்றித்தான் அவசரமாக எழுதுகிறேன். செந்தூரம் கலந்த மெழுகு உதட்டுச் சூட்டுக்கே இளகும். நிறம் உதட்டில் ஒட்டும். முதல் ஆளுக்குத் தெரியாது, நான்காம் ஆளுக்குத் தெரிந்துவிடும். அதை முழுவதும் சுரண்டி எடுத்துவிட்டு, பைன் பிசினைக் காய்ச்சிச் செந்தூரம் கலந்து ஊற்று. ஆறியதும் கல்லாக நிற்கும். வெள்ளிக்கு முன் செய்துவிடு. டுட்டாவை எங்கும் நிற்காமல் ஓடச் சொல்லியிருக்கிறேன்.

வேறு செய்தி இல்லை.

---

ஈஸ்டர் செவ்வாய்

தம்பிக்கு. கிறிஸ்து உயிர்த்தார். உன் உடல்நலத்தை விசாரிக்கிறேன்.

உன் கடிதம் சனிக்கிழமை வந்தது. ஆற்றுப் பாதை முழங்கால் அளவு நீரில் கிடந்ததாம். "சிப்பி மிதந்துபோச்சு, கடுதாசியைத் தலைல வெச்சுக் காப்பாத்தினேன், என்னைப் பாராட்ட மாட்டீங்களா?" என்று டுட்டா கேட்டான். பாராட்டினேன்.

வெள்ளியன்று நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். சிலுவையைத் தூக்கிப் பிடித்தேன். மடத்துத் தலைவி அம்மா முதலில் வந்து முழங்காலிட்டு, வயதானவள் ஆதலால் வெகுநேரம் உதட்டை எடுக்காமல் இருந்தாள். எழுந்தபோது அவள் வாய் சிவந்திருந்தது. யாரும் கவனிக்கவில்லை. அடுத்து வந்தவளுக்கும் அப்படியே. முத்தமிட்டுவிட்டுத் திரும்பி நடப்பவர்களை, வரிசையில் நிற்பவர்கள் எதிரே பார்க்கிறார்கள் அல்லவா? சமையல்கட்டில் வேலை செய்யும் பெகுதான் கத்தினாள். "ஐயோ, ரத்தம்! ஆண்டவரு காலு ரத்தம் கொட்டுது!"

அதன்பின் நெரிசல். ஒருத்தியை ஒருத்தி தள்ளிக்கொண்டு வந்து முத்தமிட்டார்கள், அழுதார்கள், உதட்டைத் துடைத்த துணியை மடித்து மார்பில் வைத்துக்கொண்டார்கள். என் கைகளில் மெழுகு வழிந்தது. ஒருத்தி என் கையையும் முத்தமிட்டாள். உண்மையைச் சொல்ல வாயைத் திறந்தேன். இருமல்தான் வந்தது.

இப்போது சிலுவையின் அறைகள் வெறுமையாக இருக்கின்றன. அவற்றைக் காயங்கள் என்கிறார்கள். சுற்றூர்களிலிருந்து ஆட்கள் வருகிறார்கள். ஆயருக்குச் செய்தி போயிருக்கிறது. அவர் வருமுன் தலைவி அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடத் தீர்மானித்திருக்கிறேன்.

போன கடிதத்தில் தெத்தேவைப் பற்றி நீ ஒரு வரிகூட எழுதவில்லை. மகிழ்ச்சியில் மறந்துவிட்டாயா? அவளையே இரண்டு கோடு இழுத்து அனுப்பச் சொல்.

---

ஈஸ்டருக்குப் பின், முதல் வாரம்

அக்காவுக்கு. நான் நலம்.

தலைவியிடம் சொல்லாதே. கொஞ்ச நாள் பொறு. ஔதா சீமாட்டி உங்கள் சிலுவையைக் கேள்விப்பட்டு முத்தமிட வருகிறாள். பதக்கத்தை அணிந்துதான் வருவாள். அதைப் பார்க்காதே. எங்கள் வீட்டைப் பற்றி அவளிடமோ அவள் ஆட்களிடமோ ஒன்றும் கேட்காதே.

---

ஈஸ்டருக்குப் பின், இரண்டாம் வாரம்

தம்பிக்கு.

கேட்காதே என்று எழுதினாய். அதனால் கேட்டேன். ஔதாவின் தோழிப்பெண் குதிரைக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தாள். உங்கள் அடுக்களையில் தெத்தே என்று ஒரு சிறுமி இருக்கிறாளே, எப்படி இருக்கிறாள் என்றேன். "அந்தப் பொண்ணா? அவளை நாங்க வர்றதுக்கு முன்னாடியே கப்பல்காரன் கூட்டிட்டுப் போயிட்டானே. ரெண்டு பீப்பா ஒயினுக்கு மூணு பேரு. அந்த ஒயினத்தான் கல்யாணத்துல குடிச்சோம்" என்றாள். கப்பல் இன்னும் ஆற்றுமுகத்தில் மேல்காற்றுக்காகக் காத்திருக்கிறதாம். அதையும் அவள்தான் சொன்னாள்.

பீட அறைக்குத் திரும்பி வந்து சிலுவையைத் தூக்கினேன். ஔதா முழங்காலிட்டாள். உன்னைவிட இருபது வயது இளையவள், பயந்த முகம். அவள் குனிந்தபோது பதக்கம் முன்னால் தொங்கியது. அப்பாவின் கற்கள் தங்கள் பழைய அறைகளுக்கு ஒரு விரற்கடை மேலே ஆடின. முத்தமிட்டு நிமிர்ந்து, விரலால் உதட்டைத் தொட்டுப் பார்த்தாள். ஒன்றும் இல்லை.

"எல்லாருக்கும் குடுத்தாரே. எனக்கு மட்டும் ஏம்மா இல்ல? நான் என்ன பாவம் செஞ்சேன்?" என்று அழுதாள்.

அந்த இடத்தில் நான் உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். தலைவி அம்மா பக்கத்திலேயே நின்றாள். நான் சொன்னது இது: "உங்க வீட்டுக் கல்யாணத்துக்காகப் புனித வாரத்துல ஒரு பிள்ளையை வித்துட்டாங்க. அந்தப் பிள்ளை திரும்பி வர்ற வரைக்கும் இந்தக் காயம் உங்களுக்குப் பேசாது."

"யாரு புள்ள?"

பெயரைச் சொன்னேன். கப்பல் நிற்கும் இடத்தையும் சொன்னேன்.

"கூட்டிட்டு வந்து இந்த மடத்துக்கே குடுத்துடறேன். அப்ப எனக்கு ரத்தம் வருமா?"

வரும் என்றேன். சத்தியமாகவா என்றாள். சிலுவையைப் பிடித்திருந்த கையாலேயே சத்தியம் செய்தேன். அவள் தன் சொந்த ஆட்களைக் குதிரையில் அனுப்பினாள். விண்ணேற்றத் திருநாளன்று மறுபடி முத்தமிட வருவாள்.

எப்போதிலிருந்து உனக்குத் தெரியும்?

---

ஈஸ்டருக்குப் பின், மூன்றாம் வாரம்

அக்காவுக்கு.

பதக்கத்தின் கடைசி அறையை மூடிய அன்றே தெரியும். பதக்கத்தைக் கொடுத்துவிட்டு அடுக்களைக்குப் போனேன். அவள் பாய் சுருட்டி வைத்திருந்தது. முந்தின நாளே போய்விட்டாள். பிரபுவிடம் ஓடினேன். அவர் பதக்கத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். என் மகள் என்றேன். தலை நிமிர்ந்து பார்த்தார். "அட, அது உன் மகளா?" என்றார். ஏமாற்றவில்லை, அக்கா. மறந்துவிட்டார். எனக்கு அந்தத் தவக்காலத்து நாற்பது நாளும் வேறு நினைப்பே இல்லை. அவருக்கு அந்த நினைப்பே வரவில்லை.

உனக்கு எழுத உட்கார்ந்தேன். அவளுக்காகத்தான் நீ அந்தக் கல்லை நெம்பினாய். ஒன்றுக்கும் ஆகாமல் போயிற்று என்று உன்னிடம் எப்படிச் சொல்வது? அதனால் மெழுகைப் பற்றி எழுதினேன். உன்னையாவது காப்பாற்றப் பார்த்தேன்.

ஆற்றுமுகத்துக்கு ஓடிப்போனேன். பாதி வழியில் பிடித்துக் கொண்டுவந்தார்கள். இப்போது என் காலில் சங்கிலி, உலைக்கல்லோடு. வேலைக்கு இடைஞ்சல் இல்லாத நீளம்தான், நானே அடித்தது. நேற்று மேல்காற்று எழுந்தது. பட்டறைப் புகை கிழக்கே சாய்வதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். குதிரைகள் போய்ச் சேர்ந்தனவா? எதுவானாலும் எழுது. மறைக்காதே.

---

விண்ணேற்றத் திருநாளுக்கு முந்தைய ஞாயிறு

தம்பி ஹுன்லாஃபுக்கு, ஆசிகள்.

தெத்தே இங்கே இருக்கிறாள். கப்பல் பாய் ஏற்றியபின்தான் குதிரைகள் போய்ச் சேர்ந்தன. ஔதாவின் ஆட்கள் படகில் துரத்திப் பிடித்திருக்கிறார்கள். கப்பல்காரர்கள் அவள் தலையை மழித்திருக்கிறார்கள். மணிக்கட்டில் கயிற்றுப் புண். வாத்துக் கொழுப்பு தடவுகிறேன். நன்றாகச் சாப்பிடுகிறாள். பேசுவதில்லை. யாராவது கதவைத் தட்டினால் தானாக வாயைத் திறந்து பல்லைக் காட்டுகிறாள்.

தலைவி அம்மா நேற்று என்னைக் கூப்பிட்டாள். "அந்தப் புள்ள உன் சாடையா இருக்காளே" என்றாள். ஆமாம், அம்மா என்றேன். தன் மார்பிலிருந்து மடித்த துணியை எடுத்து விரித்தாள். "என் துணியில இருக்கற ரத்தம் இன்னும் கறுக்கல. மத்த ரத்தமெல்லாம் கறுத்துடும்" என்றாள். நான் முழங்காலிட்டேன். "எந்திரி. வியாழக்கிழமை அந்தச் சீமாட்டி வர்றா. வெறும் உதட்டோட திரும்பிப் போனா புள்ளையைத் திருப்பிக் கேப்பா. பீட அறைச் சாவி உன்கிட்டதானே இருக்கு?" என்றாள். பிறகு ஜெபத்துக்குப் போய்விட்டாள்.

ஆக, நான் பாவத்தை அறிக்கையிட ஒருவரும் மிச்சமில்லை. சொன்னால் தெத்தே போய்விடுவாள். சொல்லாவிட்டால் நான் போய்விடுவேன். எங்கே என்று உனக்குத் தெரியும். பீட அறைக்குள் நுழையும்போதெல்லாம் சிலுவையின் வெற்று அறைகள் என்னைப் பார்க்கின்றன.

மெழுகு இருக்கிறது. எழுதும் கூடத்துச் செந்தூரம் தீர்ந்துவிட்டது, கேட்டால் எதற்கு என்பார்கள். உன் பட்டறையில் இருக்கும், கொடுத்தனுப்பு. டுட்டா இங்கேயே காத்திருந்து இதை எடுத்து வருகிறான், புதனுக்குள் திரும்பிவிடுவதாகச் சொல்கிறான். பிசின் கலக்காதே. உதட்டில் ஒட்ட வேண்டும்.

உன் கால் எப்படி இருக்கிறது? சங்கிலிக்கு அடியில் கம்பளித் துணி சுற்றிக்கொள்.